கைபேசியில் பார்த்த முகம்

பதினோரு ஆண்டுகளுக்கு முன் மார்கழி மாதத்து விடியற்காலை ஒன்றில், எங்கள் எதிர்வீட்டு அக்கா வாசலில் குனிந்து கோலம் போட்டுக்கொண்டிருந்தபோது, பைக்கில் வந்த இருவர் அவர் கழுத்திலிருந்த ஐந்து பவுன் தாலிச் செயினை அறுத்துக்கொண்டு போனார்கள். பால் பாக்கெட் எடுப்பதற்காகக் கதவைத் திறந்த நான் அதைப் பார்த்தேன். பார்த்தேன் என்று எழுதும்போதே இன்று எனக்குக் கை தயங்குகிறது. அக்காவின் அலறலைக் கேட்டு நான் தலையைத் திருப்பியது, பின்னால் அமர்ந்திருந்தவன் ஒரு கணம் என் பக்கம் பார்த்தது, தெருமுனைக் குழல்விளக்கைக் கடந்து வண்டி இருட்டில் மறைந்தது எல்லாம் சேர்ந்தே மூன்று அல்லது நான்கு நொடிகளுக்கு மேல் ஆகியிருக்காது. ஒல்லியான உருவம், நெற்றியில் விழுந்த முடி, கட்டம் போட்ட சட்டை. அன்று காலை காவல் நிலையத்தில் என்னால் சொல்ல முடிந்தது இவ்வளவுதான்.

இரண்டு வாரம் கழித்து நிலையத்திலிருந்து அழைப்பு வந்தது. போனதும் உட்காரச் சொல்லி டீ வாங்கிக் கொடுத்தார்கள். ஒரு காவலர் தம் கைபேசியை என்னிடம் நீட்டி, "சார், ஒருத்தனைப் பிடிச்சிருக்கோம், இவன்தானே?" என்று கேட்டார். திரையில் ஒரே ஒரு முகம் இருந்தது. பச்சைச் சுவரையொட்டி நிற்கவைத்து எடுக்கப்பட்ட படம். கீழுதடு லேசாக வீங்கியிருந்தது. இடது புருவத்தின் மேல் ஒரு தழும்பு. நான் விரலால் பெரிதாக்கிப் பார்த்தேன். "இவன் மாதிரிதான் இருக்கு" என்றேன். "மாதிரியா, இவனேதானா?" என்று அவர் கேட்டார். மிரட்டவில்லை, பொறுமையாகத்தான் கேட்டார். "இவன்தான்னு நினைக்கிறேன்" என்றேன். "சரி சார், அணிவகுப்புக்கு சம்மன் வரும், வந்து காட்டிடுங்க" என்று அனுப்பிவைத்தார்.

சந்தேகத்துக்குரியவரை வேறு சிலரோடு வரிசையில் நிறுத்திச் சாட்சியைக் காட்டச் சொல்லும் அடையாள அணிவகுப்பு கிளைச் சிறை வளாகத்தில் நடந்தது. மாஜிஸ்திரேட் வந்திருந்தார். விதிப்படி காவல்துறையினரை வெளியே நிறுத்திவிட்டார்கள். சுவரோரமாகப் பத்துப் பேர் நின்றார்கள். நான் ஒவ்வொருவராகப் பார்த்துக்கொண்டு போகவே இல்லை. ஆறாவதாக நின்றவரிடம் நேராகப் போய் அவர் தோளில் கை வைத்தேன். இடத்தையும் சட்டையையும் மாற்றி இன்னும் இரண்டு முறை நிற்கவைத்தார்கள். இரண்டு முறையும் அவரையே காட்டினேன். சாட்சி தயக்கமின்றி அடையாளம் காட்டினார் என்று மாஜிஸ்திரேட் எழுதிக்கொண்டார். அவர் எழுதியது முழு உண்மை. என் மனத்தில் துளியளவு ஐயமும் இருக்கவில்லை. ஆனால் நான் அடையாளம் கண்டது தெருவிளக்கின் கீழ் மூன்று நொடி பார்த்த முகத்தையா, காவல் நிலையத்தில் டீ குடித்துக்கொண்டே மூன்று நிமிடம் பார்த்த முகத்தையா என்று என்னை நானே கேட்டுக்கொள்ள எனக்கு ஓராண்டுக்கு மேல் ஆயிற்று. புருவத் தழும்பை வைத்துத்தான் அவரைக் கண்டுபிடித்தேன். அந்தத் தழும்பைப் பற்றி முதல் நாள் வாக்குமூலத்தில் நான் ஒரு வார்த்தையும் சொல்லியிருக்கவில்லை.

குற்றம் செய்யாதவர் தண்டிக்கப்படுவதைப் பற்றிப் பேசும்போது நாம் பெரும்பாலும் பொய் வழக்கையும் பொய் சாட்சியையும் அடித்து வாங்கிய வாக்குமூலத்தையும்தான் நினைக்கிறோம். அவை நடக்கின்றன, அவற்றைக் குறைத்துச் சொல்வது என் நோக்கமில்லை. என்னை வருத்துவது வேறொன்று. பொய் சாட்சி சொல்பவர் குறுக்கு விசாரணையில் எங்கேனும் ஓரிடத்தில் தடுமாறுவார்; ஒரு நல்ல வழக்கறிஞரால் அவரை உடைத்துவிட முடியும். மனமறிய உண்மை என்று நம்பித் தவறாகச் சொல்பவரை உடைக்க முடியாது, ஏனென்றால் அவரிடம் மறைக்க எதுவும் இல்லை. நீதிபதியின் கண்ணை நேராகப் பார்த்து, குரல் நடுங்காமல் அவர் சொல்வார். அந்த உறுதிதான் ஒரு மனிதரைச் சிறைக்கு அனுப்புகிறது.

அமெரிக்காவில் அயோவா மாநிலப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த உளவியலாளர் கேரி வெல்ஸ், தம் சக ஆய்வாளர் ஒருவருடன் சேர்ந்து 1998-இல் வெளியிட்ட ஒரு சோதனையைப் படித்தபோதுதான் எனக்கு நேர்ந்தது என்னவென்று புரிந்தது. கடைக் கண்காணிப்புக் கேமராவில் பதிவான ஒரு காட்சியைச் சிலருக்குக் காட்டிவிட்டு, பிறகு சில புகைப்படங்களைக் கொடுத்து, அதில் வந்த குற்றவாளியைக் காட்டுமாறு கேட்டார்கள். அந்தப் படங்களுள் உண்மையான குற்றவாளியின் படம் வைக்கப்படவே இல்லை. எனவே யாரைக் காட்டினாலும் அது தவறுதான். தேர்ந்தெடுத்து முடித்த சிலரிடம் மட்டும், சரியான ஆளைத்தான் காட்டினீர்கள் என்று ஒரு வரி சொல்லப்பட்டது. அந்த ஒரு வரியைக் கேட்டவர்கள், கேட்காதவர்களைவிடத் தங்கள் தேர்வில் மிகுந்த உறுதியோடு இருந்தார்கள். அதோடு நிற்கவில்லை, முகத்தை நன்றாகப் பார்த்ததாகவும், கூர்ந்து கவனித்ததாகவும், எளிதில் அடையாளம் கண்டதாகவும் சொன்னார்கள். பிற்பாடு வந்த ஒரு பாராட்டு, முன்பு பார்த்த பார்வையையே மாற்றி எழுதிவிட்டது. எனக்கு அந்தப் பாராட்டு "சரி சார்" என்ற இரண்டு சொற்களில் கிடைத்தது.

இந்தப் பிழை நேற்றுத் தோன்றியதன்று. 1895 டிசம்பரில் லண்டன் விக்டோரியா தெருவில் நடந்து போய்க்கொண்டிருந்த அடால்ஃப் பெக் என்ற நார்வே நாட்டுக்காரரை ஒரு பெண் வழிமறித்து, தன்னை ஏமாற்றிக் கைக்கடிகாரங்களையும் மோதிரங்களையும் கவர்ந்தவர் இவர்தான் என்றார். பிரபு வேடம் போட்டுப் பெண்களின் நகைகளைப் பறித்த ஒருவனைக் காவல்துறை அப்போது தேடிக்கொண்டிருந்தது. தெருவில் போனவர்களைக் கூட்டி வந்து நடத்திய அணிவகுப்பில் நரைத்த தலையும் மீசையும் உள்ளவர் பெக் ஒருவர்தான். பெண்கள் ஒருவர் பின் ஒருவராக வந்து அவரையே காட்டினார்கள். ஜான் ஸ்மித் என்ற பெயரில் 1877-இல் தண்டிக்கப்பட்டவனும் இவர்தான் என்று ஓய்வுபெற்ற காவலர் ஒருவர் சத்தியம் செய்தார். பெக்குக்கு ஏழாண்டுச் சிறை கிடைத்தது. ஸ்மித்துக்குச் சுன்னத்து செய்யப்பட்டிருந்ததும் பெக்குக்குச் செய்யப்படவில்லை என்பதும், அதாவது இருவரும் ஒருவராக இருக்கவே முடியாது என்பதும், 1898-இலேயே உள்துறை அலுவலகத்துக்குத் தெரிந்துவிட்டது. அப்போதும் அவரை வெளியே விடவில்லை. 1901-இல் விடுதலையானவர் 1904-இல் அதே குற்றச்சாட்டில், அதே போல அடையாளம் காட்டப்பட்டு, மறுபடியும் குற்றவாளி எனத் தீர்ப்பளிக்கப்பட்டார். நீதிபதி மனத்தில் ஏதோ உறுத்தியதால் தண்டனையை அறிவிக்காமல் தள்ளிவைத்திருந்த இடைவெளியில், பெக் சிறையில் இருக்கும்போதே உண்மையான ஆசாமி மோதிரங்களோடு பிடிபட்டான். இங்கிலாந்தில் குற்றவழக்குகளுக்கென மேல்முறையீட்டு நீதிமன்றம் ஒன்றை 1907-இல் சட்டம் இயற்றி ஏற்படுத்தியதற்கு இந்த வழக்கு முக்கியக் காரணம். அதற்கு முன் ஒரு நிரபராதி மேலே போய் முறையிட ஒரு முறையான மன்றமே அந்நாட்டில் இல்லை.

அந்தப் பெண்கள் யாரும் பொய் சொல்லவில்லை. அமெரிக்காவின் வட கரோலினா மாநிலத்தில் பர்லிங்டன் என்ற ஊரில் 1984-இல் வன்புணர்வுக்கு ஆளான 22 வயதுக் கல்லூரி மாணவியும் பொய் சொல்லவில்லை. உயிரோடு தப்பினால் இவனைத் தண்டனைக்கு உள்ளாக்க வேண்டும் என்ற வைராக்கியத்தோடு, அந்தக் கொடுமையின் நடுவிலும் அவனுடைய முகத்தை மனத்தில் பதியவைத்துக்கொள்ள முயன்றவர் அவர். காவல்துறை காட்டிய புகைப்படங்களிலிருந்து ரொனால்டு காட்டன் என்ற இளைஞரைத் தேர்ந்தார். பிறகு நேரில் நடந்த அணிவகுப்பிலும் அவரையே காட்டினார். புகைப்படத்திலும் நேரிலும் இடம்பெற்றிருந்தவர் காட்டன் ஒருவர்தான் என்பதை யாரும் பொருட்படுத்தவில்லை. நீங்கள் படத்தில் காட்டியவரும் இவர்தான் என்று அவரிடம் சொல்லவும் செய்தார்கள். 1987-இல் நடந்த மறுவிசாரணையில், அந்தக் குற்றத்தைச் செய்ததாகச் சிறைக்குள் பேச்சு அடிபட்ட இன்னொரு கைதியை அவர் முன்னால் கொண்டுவந்து நிறுத்தியபோது, இவரை என் வாழ்நாளில் பார்த்ததே இல்லை என்று அந்தப் பெண் உறுதியாகச் சொன்னார். 1995-இல் மரபணுச் சோதனை, குற்றவாளி அந்த இன்னொரு கைதிதான் என்று காட்டியது. பத்தரை ஆண்டு சிறையில் இருந்த காட்டனும் அந்தப் பெண்ணும் பிற்பாடு நண்பர்களாகி, சாட்சிகளிடம் அடையாளம் கேட்கும் முறையை மாற்றக் கோரிச் சேர்ந்து ஊர் ஊராகப் பேசினார்கள். அவர்கள் மாநிலமே 2007-இல் அதற்கென ஒரு சட்டம் கொண்டுவந்தது. நியூயார்க்கில் 1992-இல் தொடங்கப்பட்ட இன்னொசென்ஸ் புராஜெக்ட் என்ற அமைப்பு, மரபணுச் சோதனையால் விடுதலையானவர்களின் வழக்குகளை அலசியபோது, பத்தில் ஏறத்தாழ ஏழு வழக்குகளில் தவறான நேரடி அடையாளமும் ஒரு காரணமாக இருந்தது தெரியவந்தது.

நம் நாட்டில் மரபணுவுக்குக் காத்திருக்கவும் தேவையில்லாமல், கோப்பிலேயே உண்மை கிடந்த வழக்கு ஒன்று உண்டு. மகாராஷ்டிர மாநிலம் ஜால்னா மாவட்டத்தில் 2003 ஜூன் மாதத்து இரவொன்றில், தோட்டத்துக் குடிசையில் வாழ்ந்த ஒரு குடும்பத்தைக் கொள்ளைக் கும்பல் தாக்கியது. ஐந்து பேர் கொல்லப்பட்டார்கள். காயத்தோடு உயிர் பிழைத்த பெண், இரண்டே நாளில், காவல்துறையின் பழைய குற்றவாளிகள் படத்தொகுப்பைப் பார்த்து நான்கு பேரை அடையாளம் காட்டினார். அந்த நான்கு பேர் யார், எங்கே இருந்தார்கள் என்று யாரும் தேடவில்லை. அவர்களுக்குப் பதிலாக நாடோடிச் சமூகத்தைச் சேர்ந்த ஏழைத் தொழிலாளர்கள் ஆறு பேர் பிடிக்கப்பட்டார்கள். பின்னர் சாட்சிகள் இவர்களை அடையாளம் காட்டினார்கள். 2006-இல் விசாரணை நீதிமன்றம் ஆறு பேருக்கும் தூக்குத் தண்டனை விதித்தது. 2007-இல் உயர் நீதிமன்றம் மூவருக்கு அதை ஆயுள் தண்டனையாகக் குறைத்தது. 2009-இல் உச்ச நீதிமன்றம், குறைக்கப்பட்ட அந்த மூவருக்கும் சேர்த்து மீண்டும் ஆறு பேருக்கும் தூக்கை உறுதி செய்தது. அந்த அறுவரில் ஒருவர் சம்பவம் நடந்தபோது பதினெட்டு வயதுகூட நிரம்பாதவர் என்பது அதற்குப் பிறகுதான் கண்டறியப்பட்டது. கடைசியில் 2019 மார்ச் 5 அன்று, நீதிபதிகள் ஏ.கே. சிக்ரி, அப்துல் நசீர், எம்.ஆர். ஷா ஆகியோர் அடங்கிய அமர்வு தன் பழைய தீர்ப்பை விலக்கிக்கொண்டு ஆறு பேரையும் விடுதலை செய்தது. முதலில் அடையாளம் காட்டப்பட்ட நால்வரைப் பற்றி விசாரணையே நடக்காததை அந்தத் தீர்ப்பு வெளிப்படையாகக் கண்டித்தது. ஆளுக்கு 5 லட்சம் ரூபாய் இழப்பீடு கொடுக்கச் சொன்னது. பதினாறு ஆண்டுகளுக்கு 5 லட்சம் என்றால் நாளொன்றுக்கு நூறு ரூபாய்கூடத் தேறாது.

மூன்று படிநிலை நீதிமன்றங்கள், எத்தனையோ நீதிபதிகள், வழக்கறிஞர்கள். அத்தனை பேர் கையிலும் இருந்த காகிதக் கட்டுக்குள் அந்த நான்கு பேரின் விவரம் இருந்தது. கொலையின் கொடூரம் படிப்பவர் மனத்தை நிறைத்துவிட்டால், இவர்கள்தான் செய்தார்களா என்ற முதல் கேள்வி பின்னுக்குப் போய், செய்தவர்களுக்கு எவ்வளவு தண்டனை என்ற இரண்டாவது கேள்வி முன்னால் வந்துவிடுகிறது என்றே நான் நினைக்கிறேன். அந்தத் தீர்ப்பைப் படித்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

நம் சட்டம் இந்த ஆபத்தை அறியாததன்று. அணிவகுப்பில் அடையாளம் காட்டுவது புலனாய்வுக்குத் துணை மட்டுமே, நீதிமன்றத்தில் நேரில் சொல்வதுதான் சாட்சியம் என்று உச்ச நீதிமன்றம் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறது. முன்கூட்டியே படத்தைக் காட்டிவிட்டு நடத்தும் அணிவகுப்புக்கு மதிப்பில்லை என்பதும் வழக்கறிஞர்கள் எல்லாருக்கும் தெரிந்த விதி. கைது செய்தவரின் முகத்தைத் துணியால் மூடி அழைத்துப் போவதும் இதற்காகத்தான். அவருடைய மானத்தைக் காப்பதற்காக என்று பலர் நினைக்கிறார்கள். ஆனால் இன்று செயின் பறிப்பு நடந்த அன்று மாலையே கேமராவில் பதிவான முகம் வாட்ஸ்அப் குழுக்களில் சுற்றுகிறது, பிடிபட்டவரின் படம் மறுநாள் செய்தியில் வருகிறது, அதற்கும் ஒரு மாதம் கழித்து, ஒன்றுமே தெரியாத சாட்சியைக் கூப்பிடுவதைப் போல எல்லாரையும் கூப்பிட்டு அணிவகுப்பு நடத்துகிறார்கள். துணி மூடிய முகத்தால் இனி என்ன பயன்?

2024 ஜூலை முதல் நடைமுறையில் இருக்கும் புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 54-ஆம் பிரிவு, அடையாளம் காட்டுபவர் உடல் அல்லது மனக் குறைபாடு உள்ளவராக இருந்தால் அந்த நிகழ்வை ஒலி, ஒளிப்பதிவு செய்ய வேண்டும் என்கிறது. பழைய சட்டத்திலும் 2013 முதல் ஏறத்தாழ இப்படித்தான் இருந்தது. நல்ல ஏற்பாடுதான். அதை ஏன் எல்லாச் சாட்சிகளுக்கும் கட்டாயமாக்கவில்லை என்பதுதான் எனக்குப் புரியவில்லை. சாட்சியிடம் முதன்முதலில் ஒரு படம் காட்டப்படும் நொடியிலிருந்தே அந்தப் பதிவு தொடங்க வேண்டும். படத்தைக் காட்டுபவருக்குச் சந்தேகத்துக்குரியவர் யார் என்று தெரிந்திருக்கக் கூடாது. ஒற்றைப் படத்தைக் காட்டவே கூடாது. "மாதிரிதான் இருக்கு" என்று சாட்சி சொன்னால், அது "இவன்தான்" என்று திருத்தப்படாமல் அப்படியே எழுதப்பட வேண்டும். இவற்றுக்குப் பெரிய செலவு எதுவும் இல்லை. அந்தக் காவலரின் கையில் இருந்த கைபேசியே போதும்.

என்னை நீதிமன்றத்துக்கு அழைத்தது சம்பவம் நடந்து ஒன்றேகால் ஆண்டுக்குப் பிறகு. இரண்டு வாய்தா போய் மூன்றாவது முறைதான் என் பெயரை டவாலி கூப்பிட்டார். அதற்கு முன் வராந்தாவில், "முன்னாடி போட்டோ பார்த்தீங்களான்னு கேட்டா இல்லைன்னு சொல்லிடுங்க சார், கேஸ் நிக்கணும்" என்று என் காதருகே சொல்லப்பட்டது. கூண்டிலிருந்து பார்த்தபோது அந்த இளைஞர் முன்பைவிட மெலிந்திருந்தார். ஒரு ஓட்டலில் பரோட்டாவுக்கு மாவு பிசைபவர். அந்த விடியற்காலையில் ஓட்டல் மாடியில் தூங்கிக்கொண்டிருந்ததாகச் சொன்னார். அதைச் சொல்ல முதலாளி வரவில்லை. பிணைக்கு ஆள் கிடைக்காமல் நான்கு மாதம் உள்ளே இருந்திருக்கிறார். அவருக்காக இலவசச் சட்ட உதவியில் ஆஜரான இளம் வழக்கறிஞர், "அணிவகுப்புக்கு முன்னால் எதிரியை எங்காவது பார்த்திருக்கிறீர்களா?" என்று என்னிடம் கேட்டார். எதிரி என்றால் நீதிமன்ற மொழியில் குற்றம் சாட்டப்பட்டவர். கேள்வியை அவர் வழக்கமாகக் கேட்பதுபோலத்தான் கேட்டார், பதிலை எதிர்பார்த்ததாகவே தெரியவில்லை. "நேரில் பார்க்கவில்லை. காவல் நிலையத்தில் படத்தில் பார்த்தேன்" என்றேன். தட்டச்சு செய்துகொண்டிருந்த பெண் கையை நிறுத்தினார். மாஜிஸ்திரேட் இன்னொரு முறை சொல்லச் சொன்னார். சொன்னேன். தழும்பைப் பற்றியும் சொன்னேன். அரசு வழக்கறிஞர் எழுந்து என்னைப் பிறழ் சாட்சியாக, அதாவது அழைத்த தரப்புக்கே எதிராகத் திரும்பிய சாட்சியாக, அறிவிக்க வேண்டும் என்று கேட்டுக்கொண்டார்.

சந்தேகத்தின் பலனை எதிரிக்கு அளித்து அவர் விடுவிக்கப்பட்டதாகப் பின்னர் தெரிந்துகொண்டேன். அவர் நிரபராதி என்று நான் சொல்லவில்லை. சொல்லும் தகுதியை அந்தக் கைபேசிப் படத்தைப் பார்த்த அன்றே இழந்துவிட்டேன். அவருடைய நான்கு மாதத்துக்கு யாரும் ஒரு ரூபாய் கொடுக்கவில்லை. போதிய காரணமின்றி ஒருவரைக் கைது செய்ய வைத்தால் அப்படிச் செய்யவைத்தவரிடமிருந்து வாங்கித்தரச் சட்டத்தில் எழுதப்பட்டிருக்கும் உச்சத்தொகை, பழைய சட்டத்தைப் போலவே புதிய சட்டத்திலும், 1,000 ரூபாய். தவறாகக் குற்றம் சாட்டப்பட்டவர்களுக்கு இழப்பீட்டை உரிமையாக்கி, அதற்கெனச் சிறப்பு நீதிமன்றங்கள் அமைக்கச் சொல்லி நீதிபதி பி.எஸ். சௌஹான் தலைமையிலான சட்ட ஆணையம் 2018 ஆகஸ்டில் கொடுத்த 277-ஆவது அறிக்கை, புதிய சட்டங்கள் எழுதப்பட்டபோதும் அவற்றுக்குள் இடம்பெறவில்லை.

தீர்ப்பு வந்த வாரம் அக்கா எங்கள் வீட்டுக்கு வந்தார். அந்தச் செயின் கிடைக்கவே இல்லை, கழுத்தில் மஞ்சள் கயிறுதான் இருந்தது. என்மீது கோபம் இருக்கும் என்று நினைத்தேன். சிறிது நேரம் பேசாமல் உட்கார்ந்திருந்தவர், "அந்தப் பையன் இல்லேன்னா அப்போ அறுத்துட்டுப் போனவன் யாரு தம்பி? அவனை யாராவது தேடினாங்களா?" என்று கேட்டார். தேடவில்லை. நான் அந்தத் தோளில் கை வைத்ததிலிருந்து தேடுவதை நிறுத்திவிட்டார்கள். அதைத்தான் அக்காவிடம் சொன்னேன்.